பல் போன பின் வந்த சொல்

ஆள் அரவமற்ற ஒரு சின்ன ரயில் நிலையம். அங்கே வந்து சேரும் ஒருவர் டிக்கெட் சன்னலைத் தட்டுகிறார். சன்னல் திறக்கிறது. உள்ளிருந்து ஒரு கிழ முகம் எட்டிப் பார்க்கிறது. வாயில் ஒரு பல் கூட இல்லை. தலையிலும் தாடையிலும் பஞ்சு பறப்பது போல நரைத்த மயிர். "அடுத்த ரயில் போய்விட்டது!" என்று கீச்சுக்குரலில் ஒரு கத்தல், சன்னல் மூடிக்கொள்கிறது. தட்டியவர் பயணி அல்ல, அந்த நிலையத்துக்குப் புதிதாக வந்திருக்கும் ஸ்டேஷன் மாஸ்டர்.

1937-இல் எடுக்கப்பட்ட 'ஓ, மிஸ்டர் போர்ட்டர்!' படத்தின் காட்சி இது. போன ரயில் போயிருக்கலாம், இப்போது வந்த ரயில் போயிருக்கலாம். அடுத்த ரயில் எப்படிப் போயிருக்கும்? ஆனால் அந்தக் கிழவர் சொல்லும் வேகத்தில் அது கேள்விக்கு இடமில்லாத அறிவிப்பாகிவிடுகிறது. அந்த நிலையத்தின் நிர்வாகம் முழுவதும் அந்த ஒரு வாக்கியத்தில் இருக்கிறது. யாரும் வரவேண்டாம், எதையும் கேட்கவேண்டாம், எங்களை விட்டுவிடுங்கள்.

கிழவர் ஹார்பாட்டிலாக நடித்தவர் மூர் மேரியட். புதிய ஸ்டேஷன் மாஸ்டர், அன்றைய பிரிட்டனின் பெரிய நகைச்சுவை நட்சத்திரமான வில் ஹே. படம் பார்க்கிறவர்கள் இருவருக்கும் இடையே முப்பது வயது வித்தியாசம் இருக்கும் என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வார்கள். மேரியட் பிறந்தது 1885 செப்டம்பரில், ஹே பிறந்தது 1888 டிசம்பரில். மூன்று வயதுதான் வித்தியாசம். படப்பிடிப்பு நடந்த கோடையில் அந்தத் 'தொண்டு கிழவருக்கு' 51 வயது.

பல் போனால் சொல் போச்சு என்பது நம் பழமொழி. இந்த மனிதர் விஷயத்தில் அது தலைகீழாக நடந்தது. ஏறத்தாழ முப்பது ஆண்டுகள் சினிமாவில் இருந்தும் மக்கள் நினைவில் நிற்காத ஒருவர், பல்செட்டைக் கழற்றி வைத்துவிட்டுப் பேசத் தொடங்கிய பிறகுதான் நாடறிந்த முகமானார். அதிர்ஷ்டம் என்று சொல்லி இதைக் கடந்துவிட முடியாது. திரைக்குக் குரல் வந்தது, பிரிட்டிஷ் அரசு ஒரு சட்டம் போட்டது, பிறகு அவருடைய வாய். இந்த மூன்றும் ஓரிடத்தில் சந்தித்ததால் உருவான வாழ்க்கை அது.

மேரியட் மேற்கு லண்டனை ஒட்டிய வெஸ்ட் டிரேட்டன் பகுதியில் நாடகக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர். ஐந்து வயதிலேயே மேடை ஏறிவிட்டார். கட்டடக் கலைஞராக்க வேண்டும் என்பது வீட்டார் திட்டம், மேடை விடவில்லை. 1908-இல் முதல் படம். அப்போது பிரிட்டிஷ் சினிமாவே தவழும் குழந்தை.

மௌனப் பட காலத்திலும் அவருக்கு வேலைக்குப் பஞ்சமில்லை. 1923-இல் வந்த 'குரங்கின் பாதம்' கதையின் திரை வடிவில், மூன்று வரங்களைக் கேட்டு மகனைப் பறிகொடுக்கும் முதிய தந்தையாக நடித்தார். அப்போது அவருக்கு நாற்பது கூட ஆகவில்லை. 1928-இல் 'ஸ்வீனி டாட்' படத்தில் கதைத் தலைவனே அவர்தான், வாடிக்கையாளர்களின் கழுத்தை அறுக்கும் லண்டன் நாவிதன். ஒரு நடிகருக்கு இதைவிடப் பெரிய வாய்ப்பு வேண்டுமா? ஆனாலும் அந்தப் படம் அவரை எங்கும் கொண்டுபோய்ச் சேர்க்கவில்லை.

ஏன் என்று புரிந்துகொள்ள ஒரு சோதனை செய்து பார்க்கலாம். 'ஓ, மிஸ்டர் போர்ட்டர்!' படத்தில் ஹார்பாட்டில் வரும் எந்தக் காட்சியையும் ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள். திரையில் தெரிவது நன்றாக ஒப்பனை செய்யப்பட்ட ஒரு கிழவர், அவ்வளவுதான். கூன், முழங்கால் மடங்கிய நடை, பெரிய தொப்பி, எல்லாம் இருக்கின்றன, ஆள் இல்லை. மறுபடி ஒலியைக் கூட்டினால் ஆள் வந்து உட்கார்ந்துவிடுகிறார். மௌனப் படத்தில் முதுமை என்பது ஒப்பனைக்காரரின் வேலை. நரைமுடி, சுருக்கம், தடி. அதை எந்த நடிகருக்கும் மாட்டலாம். ஒரு கிழவர் எப்படிக் குறுக்கே பேசுவார், எந்தச் சொல்லை வாய்க்குள்ளேயே மென்று விழுங்குவார், காது கேட்காதது போல எப்போது நடிப்பார், இதெல்லாம் ஒலி வந்த பிறகுதான் நடிகரின் கைக்கு வந்தது.

பிரிட்டனில் ஒலிப் படம் வேரூன்றிய ஆண்டு 1929. எல்ஸ்ட்ரீ ஸ்டுடியோவில் ஹிட்ச்காக் மௌனப் படமாகத் தொடங்கிய 'பிளாக்மெயில்', பாதி வழியில் பேசும் படமாக மாறியது. கதாநாயகி ஆனி ஒண்ட்ரா செக் நாட்டில் வளர்ந்தவர். அவருடைய ஆங்கிலம் லண்டன் கடைக்காரர் மகளுக்குப் பொருந்தவில்லை. குரலைப் பிறகு சேர்க்கும் வசதி அப்போது இல்லை. ஜோன் பேரி என்ற நடிகை கேமராவுக்கு வெளியே மைக்கின் முன் நின்று வசனம் பேச, ஒண்ட்ரா கேமராவின் முன் வாயை மட்டும் அசைத்தார். முகம் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது. அந்தப் படத்திலேயே நிம்மதியாக இருந்தவர், பணம் பறிக்க வரும் நயவஞ்சகன் டிரேசியாக நடித்த டொனால்ட் கால்த்ராப். மேடையில் பேசிப் பழகியவர். ஒரு சுருட்டைக் கையில் வைத்துக்கொண்டு, உரத்துப் பேசாமல், ஒரு குடும்பத்தின் காலை உணவு மேசையையே தன் வசமாக்கிக்கொள்கிறார்.

கால்த்ராப்பைக் கொஞ்சம் கவனிக்கவேண்டும். பிரிட்டிஷ் ஒலிப் படத்தின் முதல் பத்தாண்டுகளில் குணச்சித்திர நடிகர் என்றால் எப்படிப்பட்டவர் என்பதற்கு மேரியட்டுக்கு நேர் எதிரான உதாரணம் அவர். பெயர் பெற்ற நாடக ஆசிரியர் டியன் பூசிகோவின் பேரன். 1930-இல் 'மர்டர்!', 1932-இல் 'நம்பர் செவன்டீன்', அதே ஆண்டு 'ரோம் எக்ஸ்பிரஸ்' படத்தில் ஓடும் ரயிலில் கூட்டாளிகளுக்குப் பயந்து நடுங்கும் ஓவியத் திருடன், 1935-இல் 'ஸ்க்ரூஜ்' படத்தில் ஏழை குமாஸ்தா பாப் கிராச்சிட். எல்லாமே குற்ற உணர்ச்சி அல்லது பயம் குடியிருக்கும் முகங்கள். 1940 ஜூலையில், 'மேஜர் பார்பரா' படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்தபோதே இறந்தார். சந்தேகமின்றிப் பெரிய நடிகர். ஆனால் இன்று அவர் பெயரைக் கேட்டால் ஹிட்ச்காக் ரசிகர்கள் தவிர யாரும் தலை நிமிரமாட்டார்கள். ஒவ்வொரு படத்திலும் வேறு ஆளாக மாறுவது கலைக்கு நல்லது, புகழுக்கு ஆகாது.

மேடையிலிருந்து வந்தவர்களுக்கு லண்டனில் இன்னொரு வசதியும் இருந்தது. ஹாலிவுட் நடிகருக்கு நியூயார்க் நாடக மேடை ஒரு கண்டத்தின் மறுகரை. பிரிட்டனில் எல்ஸ்ட்ரீ, ஈலிங், டெடிங்டன், ட்விக்கனம், ஷெப்பர்ட்ஸ் புஷ், இஸ்லிங்டன் ஆகிய ஸ்டுடியோக்கள் எல்லாம் லண்டனுக்குள்ளோ அதன் விளிம்பிலோ இருந்தன. பகலில் கேமராவின் முன்னால் போலீஸ்காரர், மாலையில் வெஸ்ட் எண்ட் மேடையில் பிரபு என்று ஒரே நாளில் இரண்டு சம்பளம் வாங்க முடிந்தது. ஒலி வந்ததும் ஸ்டுடியோக்காரர்கள் 'பேசத் தெரிந்தவர்கள் எங்கே' என்று தேடியபோது, ஒரு மணி நேரப் பயண தூரத்தில் ஒரு பட்டாளமே காத்திருந்தது.

ஆனால் மேடைப் பேச்சுக்கு ஒரு குறையும் இருந்தது. நாடகப் பள்ளிகளில் பயின்ற நாயகர்களும் நாயகிகளும் பேசிய ஆங்கிலம் கஞ்சி போட்டுத் தேய்த்த சட்டை மாதிரி விறைப்பானது. தொழிற்பேட்டை ஊர்களில் ஒன்பது பென்ஸ் கொடுத்துப் படம் பார்த்தவர்களின் காதில் அது சொந்தக்காரர் பேச்சாக விழவில்லை, முதலாளி வீட்டுப் பேச்சாகவே விழுந்தது. ஆகவே திரையில் சாதாரண மனிதர்கள் பேசுவது போலப் பேசும் வேலை, மூன்றாவது நான்காவது பெயராக வரும் நடிகர்கள் தலையில் விழுந்தது. போர்ட்டர், வண்டிக்காரர், போலீஸ்காரர், மதுக்கடைக்காரர், சமையற்காரி. இந்த வேடங்களில்தான் அன்றைய பிரிட்டனின் உண்மையான பேச்சு ஓரளவு பதிவாகியிருக்கிறது.

கோர்டன் ஹார்க்கர் இதற்குச் சரியான சான்று. மேரியட் பிறந்த அதே 1885-இல் பிறந்தவர். புகழ்பெற்ற நாடகத் திரைச்சீலை ஓவியர் ஜோசப் ஹார்க்கரின் மகன். 1926-இல் துப்பறியும் கதை எழுத்தாளர் எட்கர் வாலஸின் 'தி ரிங்கர்' நாடகத்தில் அவரைப் பார்த்த ஹிட்ச்காக், அடுத்த ஆண்டே தம் மௌனப் படத்துக்கு அழைத்துக்கொண்டார். பிதுங்கிய கீழுதடு மௌனத்திலும் வேலை செய்தது. ஆனால் அந்த உதட்டுக்குப் பின்னாலிருந்து லண்டன் கிழக்குப் பகுதியின் காக்னிப் பேச்சு வெளியே வந்தபோதுதான் ஹார்க்கர் முழுமையானார். முப்பதுகளின் கடைசியில் 'இன்ஸ்பெக்டர் ஹார்ன்லி' படங்களில் நாயகனாகவே உயர்ந்தார். சார்ஜென்ட்டாக உடன் வந்தவர் அலஸ்டர் சிம்.

இத்தனை பேருக்கும் சோறு போட்டது யார் என்று கேட்டால், கலை அல்ல, நாடாளுமன்றம். இருபதுகளின் நடுவில் பிரிட்டிஷ் திரையரங்குகளில் ஓடியவற்றில் மிகப் பெரும்பாலானவை அமெரிக்கப் படங்கள். உள்நாட்டுத் தயாரிப்பு ஏறத்தாழப் படுத்துவிட்டது. அதற்கு மருந்தாக 1927-இல் திரைப்படச் சட்டம் வந்தது. விநியோகஸ்தர்கள் தாங்கள் வெளியிடும் படங்களில் 7.5 சதவீதமும் திரையரங்குகள் தாங்கள் காட்டும் படங்களில் 5 சதவீதமும் பிரிட்டிஷ் படங்களாக இருக்கவேண்டும் என்று தொடங்கி, படிப்படியாக 20 சதவீதம் வரை ஏற்றியது. பிரிட்டிஷ் படம் என்று ஒப்புக்கொள்ளப்பட, சம்பளச் செலவில் முக்கால் பங்கு பிரிட்டிஷ் சாம்ராஜ்யக் குடிமக்களுக்குப் போயிருக்கவேண்டும்.

சட்டம் போட்டவர்கள் நினைத்தது ஒன்று, நடந்தது வேறு. லண்டனில் கிளை வைத்திருந்த அமெரிக்க நிறுவனங்கள் கணக்கைச் சரிக்கட்ட மலிவான படங்களைக் குத்தகைக்கு விட்டன. ஃபிலிம் ஓர் அடிக்கு ஒரு பவுன் என்பது சந்தை விலை. ஆறாயிரம் அடிப் படம் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல் ஓடும். செலவு ஆறாயிரம் பவுன். இரண்டு வாரத்தில் படம் முடிந்துவிடும். 'கோட்டா குவிக்கி', அதாவது ஒதுக்கீட்டுக் கணக்குக்காக அவசரமாகச் சுட்ட படம் என்று இவற்றைக் கேலியாக அழைத்தார்கள். காலையில் திரையரங்கைப் பெருக்க வரும் பெண்களைத் தவிர யாரும் பார்க்காத நேரத்தில் இவற்றை ஓட்டிக் கணக்கு காட்டினார்கள் என்று ஒரு கதை உண்டு. கதை எவ்வளவு உண்மையோ, அதை எல்லோரும் நம்பியதே இந்தப் படங்களின் மதிப்பைச் சொல்லிவிடும்.

ஆனாலும் எனக்கு இந்தக் குப்பைக் குவியல் மேல் மரியாதை உண்டு. பின்னாளில் பெயர் பெற்ற இயக்குநரான மைக்கேல் பவல் இருபதுக்கும் மேற்பட்ட குவிக்கிகளை எடுத்துத்தான் இயக்கம் கற்றார். இரண்டு வாரத்தில் முடியவேண்டிய படத்தில் ஒத்திகைக்கு நேரம் இல்லை. பத்து முறை எடுக்க ஃபிலிமும் இல்லை. ஆகவே ஒரே டேக்கில், சொன்ன இடத்தில் நின்று, வசனத்தைத் தவறாமல் சொல்லி, கூடவே பார்ப்பவர் கண்ணில் படும்படி ஏதாவது செய்துவிட்டுப் போகிற நடிகர்தான் தேவை. கதாநாயகன் மரக்கட்டையாக இருந்தாலும் பரவாயில்லை, ஓரத்தில் நிற்கும் கிழவர் கெட்டியாக இருந்தால் படம் தப்பிக்கும். மேரியட் முப்பதுகளின் முதல் பாதியில் இப்படிப்பட்ட படங்களில் ஒன்று விட்டு ஒன்றாகச் சின்ன வேடங்கள் செய்தார். மொத்தக் கணக்கில் அவர் படங்கள் நூறைத் தாண்டும். அவற்றில் பல, பெயர்ப் பட்டியலின் கடைசி வரிகள்.

இப்போது பல் விஷயத்துக்கு வரலாம். மேரியட்டுக்குச் சொந்தப் பற்கள் இல்லை. அந்தக் காலப் பிரிட்டனில் நடுவயதிலேயே எல்லாப் பற்களையும் பிடுங்கிவிட்டுப் பல்செட் மாட்டிக்கொள்வது சர்வ சாதாரணம். மற்றவர்கள் மறைத்த விஷயத்தை இவர் தொழில் கருவியாக்கிக்கொண்டார். வெவ்வேறு வகைப் பாத்திரங்களுக்கென்று தனித்தனியாகச் செய்யப்பட்ட நான்கு பல்செட்டுகள் அவரிடம் இருந்தன. பல்செட் மாறினால் உதட்டின் வளைவு மாறும், கன்னத்தின் பள்ளம் மாறும், 'ஸ'வும் 'ஃப'வும் மாறும். முகமும் குரலும் ஒரே நேரத்தில் வேறாகிவிடும். மேக்கப் பெட்டியால் இதைச் செய்ய முடியாது.

ஹார்பாட்டிலுக்கு மட்டும் ஐந்தாவது வழி: எதுவுமே வேண்டாம், வெறும் ஈறு. மூக்கும் முகவாயும் ஒன்றை ஒன்று தொட்டுவிடுவது போல நெருங்கும். சொற்கள் வாயிலிருந்து வழுக்கிக்கொண்டு வெளியே வரும். அதோடு கீச்சென்று உயரும் ஒரு குரல், நியாயம் தன் பக்கம் இல்லாதபோதும் நியாயம் கேட்கிற குரல். அன்றைய ஒலிப்பதிவில் தடித்த கீழ்க்குரல்கள் சற்றே மங்கிக் கேட்கும். இப்படிப்பட்ட மேல்குரல் கத்தி மாதிரி அறுத்துக்கொண்டு வரும். ஹேயின் முனகலுக்கும் செருமலுக்கும் நடுவே மேரியட் எங்கே புகுந்தாலும் தெளிவாகக் காதில் விழுவதற்கு இதுவும் ஒரு காரணம் என்று எனக்குத் தோன்றுகிறது.

ஹேயைப் பற்றி இரண்டு வார்த்தை. பாட்டும் நகைச்சுவையும் கலந்த மியூசிக் ஹால் மேடைகளில் ஒன்றும் தெரியாத பள்ளி ஆசிரியராக நடித்துப் பெயர் வாங்கியவர். மூக்கின் மேல் கிள்ளிவைத்த கண்ணாடி, மூக்கை உறிஞ்சல், எல்லாம் தெரிந்தது போன்ற பார்வை. நிஜ வாழ்க்கையில் நன்கு படித்த வானியல் ஆர்வலர். 1933 ஆகஸ்டில் தம் வீட்டுத் தோட்டத்துத் தொலைநோக்கியில் சனிக்கோளின் மேல் ஒரு பெரிய வெண்புள்ளியைக் கண்டறிந்து உலக வானியலாளர்களுக்கு அறிவித்தவர் அவரே. திரையில் அரைகுறைகளாக மட்டுமே நடித்தார்.

இந்த அரைகுறைத் தலைவனுக்கு இரண்டு கீழ்ப்படியாத ஊழியர்களைச் சேர்த்தால் என்ன என்று கெய்ன்ஸ்பரோ நிறுவனம் 1936-இல் 'விண்ட்பேக் தி செய்லர்' படத்தில் முயன்று பார்த்தது. ஒருவர் மேரியட். இன்னொருவன் கிரஹாம் மொஃபட், பதின்ம வயதுக் குண்டுப் பையன், வாய்த்துடுக்கு. கிழவரும் பையனும் நடுவில் அதிகாரியும். மேலே இருப்பவனை மதிப்பதற்கு இருவருக்கும் எந்தக் காரணமும் இல்லை. கிழவர் அவனைப் போல எத்தனையோ பேரைப் பார்த்துவிட்டார், பையன் யாரையும் மதிக்கிற வயதில் இல்லை. அதிகாரம் என்பது தொப்பியில் மட்டும் இருக்கிறது என்பது மூவருக்குமே தெரியும். பிரிட்டிஷ் வர்க்க அமைப்பை இதைவிட எளிமையாகப் படம் வரைந்து காட்ட முடியாது.

மூவரும் சேர்ந்த அடுத்த படம்தான் 'ஓ, மிஸ்டர் போர்ட்டர்!'. தலைப்பு ஒரு பழைய மியூசிக் ஹால் பாட்டிலிருந்து வந்தது. கதைக் கரு ஃபிராங்க் லாண்டருடையது, திரைக்கதை ஜே.ஓ.சி. ஆர்ட்டன், வால் கெஸ்ட், மேரியட் எட்கர் மூவரும். (இந்த மேரியட்டுக்கும் நம் மேரியட்டுக்கும் உறவில்லை. இவர் எட்கர் வாலஸுக்குத் தந்தை ஒன்று, தாய் வேறான சகோதரர்.) இயக்கியவர் பிரான்சில் பிறந்த மார்செல் வார்னெல். வட அயர்லாந்தில் பகிள்ஸ்கெல்லி என்ற கற்பனை ஊர். அங்கே டிக்கெட்டுக்குப் பண்டமாற்றாகச் சாப்பாட்டுச் சாமான் வாங்கிக்கொண்டும், சரக்கு ரயிலில் போவதைச் சுருட்டிக்கொண்டும் காலம் தள்ளும் இரண்டு ஊழியர்கள். ஒற்றைக்கண் ஜோ என்ற பேயின் கதை. அந்தப் பேய்க் கதைக்குப் பின்னால் துப்பாக்கி கடத்தும் கும்பல்.

அயர்லாந்துக்கு யாரும் போகவில்லை. தென் இங்கிலாந்தில் பேசிங்ஸ்டோக்கிலிருந்து ஆல்டனுக்குப் போன கிளைப் பாதையில் கிளிட்ஸ்டன் என்ற நிலையம் பகிள்ஸ்கெல்லியாக வேடம் போட்டது. அந்தப் பாதையில் பயணிகள் ரயில் 1932-இலேயே நின்றுவிட்டது, சரக்கு ரயில் 1936-இல். தண்டவாளத்தைப் பிடுங்குவதற்கு முன் கிடைத்த இடைவெளியில் படம் எடுத்தார்கள். பட்டுப்போன நிலையம் என்று திரையில் தெரிவது செட் அல்ல, நிஜமாகவே பட்டுப்போன நிலையம். அதே பாதையில்தான் சில ஆண்டுகளுக்கு முன் 'தி ரெக்கர்' என்ற படத்துக்காக உண்மையான ரயிலை மோதவிட்டு எடுத்தார்கள் என்பது ரயில் பித்தர்கள் சொல்லி மகிழும் தகவல். படத்தில் 'கிளாட்ஸ்டன்' என்று பெயர் சூட்டப்பட்ட பழைய எஞ்சினும் அசலே. 1899-இல் கட்டப்பட்டு, கென்ட் - ஈஸ்ட் சசெக்ஸ் சிறு ரயில் பாதையில் ஓடிக்கொண்டிருந்த 'நார்த்தியம்' அது. அதன் மேல் ஒரு நெடும் புகைபோக்கியை மாட்டி இன்னும் கிழமாக்கினார்கள். மேரியட்டுக்குச் செய்ததையே எஞ்சினுக்கும் செய்தார்கள் என்று சொல்லலாம். அறுபதைத் தொடாத இரண்டு பேரை எண்பது வயதாகக் காட்டியது இந்தப் படம்.

மூவரின் வசனங்களைக் கவனித்தால் நகைச்சுவைத் துணுக்கு என்று தனியே பிடுங்கி எடுக்க அதிகம் இல்லை. ஹே ஒரு கேள்வி கேட்பார். மேரியட் வேறு கேள்விக்குப் பதில் சொல்வார். மொஃபட் மூன்றாவது ஒன்றைச் சொல்வான். ஹே முதல் கேள்வியை மறந்துவிட்டு இரண்டாவதற்குச் சண்டை பிடிப்பார். பேச்சு சுற்றிச் சுற்றிப் புறப்பட்ட இடத்துக்கே வரும், ஆனால் அதற்குள் வேலை கெட்டிருக்கும். இது எழுத்தில் பாதி, நேரக் கணக்கில் பாதி. ஒரு சொல் முந்தினாலும் பிந்தினாலும் சிரிப்பு வராது. கிழவராக நடிப்பவர் மெதுவாகத்தான் பேசுவார் என்று எதிர்பார்ப்போம். மேரியட் மூவரிலும் வேகமானவர். உடம்பு தள்ளாடும், நாக்கு ஓடும். ஹார்பாட்டிலைக் கேலிச்சித்திரமாகாமல் காப்பாற்றுவது இதுதான்.

'கான்விக்ட் 99' படத்தில் சிறைக்குள் சுரங்கம் தோண்டும் கிழட்டுக் கைதி, 'ஓல்ட் போன்ஸ் ஆஃப் தி ரிவர்' படத்தில் ஆப்பிரிக்கக் காலனியில் மறுபடி ஹார்பாட்டில், 'ஆஸ்க் எ போலீஸ்மேன்' படத்தில் கிராமக் காவல் நிலையம், 'வேர்ஸ் தட் ஃபயர்?' படத்தில் தீயணைப்புப் படை. நான்கு ஆண்டுகளில் ஆறு படங்கள். இவற்றில் காலனிப் படத்தை இன்று சிரித்துக்கொண்டு பார்க்க முடியாது. ஆப்பிரிக்கர்களைப் பற்றிய அதன் பார்வை அன்றைய சாம்ராஜ்யத் திமிர்.

பிறகு ஹே பிரிந்தார். மூவரில் ஒருவராக இருப்பது அவருக்குப் பிடிக்கவில்லை. ஈலிங் ஸ்டுடியோவுக்குப் போய்த் தனி நட்சத்திரமாகச் சில படங்கள் நடித்தார். அவை மோசமான படங்கள் அல்ல, 'மை லேர்னட் ஃப்ரெண்ட்' நல்ல கறுப்பு நகைச்சுவை. ஆனால் அவரை மதிக்காத அந்த இரண்டு பேர் இல்லாமல் அவருடைய அதிகாரத் தோரணைக்கு மோதிக்கொள்ளச் சுவர் இல்லாமல் போயிற்று. மேரியட்டையும் மொஃபட்டையும் ஸ்டுடியோ நகைச்சுவை நடிகர் ஆர்தர் ஆஸ்கியின் படங்களில் சேர்த்தது. 'கிரேஸி கேங்' என்ற மேடைக் குழுவின் 'தி ஃப்ரோஸன் லிமிட்ஸ்', 'கேஸ்பேக்ஸ்' படங்களிலும் மேரியட் வந்தார். முன்னதில் தூக்கத்தில் நடக்கும்போது மட்டும் தங்கச் சுரங்கத்துக்கு வழி தெரியும் கிழவர். ஒரு வரியில் சொல்லிச் சிரிக்கக்கூடிய பாத்திரம், அதையும் அவர் மனிதராக்கிவிடுகிறார். ஆனாலும் அந்த நாட்களில் கிழவர் வேடம் ஒரு முத்திரையாக அவர் மேல் குத்தப்பட்டுவிட்டது. கால்த்ராப்புக்கு நேர்ந்ததன் மறுபக்கம் இது. ஒரே ஆளாக இருப்பது புகழுக்கு நல்லது, அந்த ஆளை விட்டு வெளியேற வழி கிடையாது.

வழி திறந்தவர் பழைய நண்பர். போர்ட்டர் கதையை யோசித்த அதே ஃபிராங்க் லாண்டர், சிட்னி கில்லியட்டுடன் சேர்ந்து 1943-இல் 'மில்லியன்ஸ் லைக் அஸ்' எடுத்தார். போர்க்காலத்தில் விமானத் தொழிற்சாலைக்குக் கட்டாய வேலைக்கு அனுப்பப்படும் சாதாரணப் பெண்களின் கதை. நாயகியின் தந்தை ஜிம் கிரௌசனாக மேரியட். இங்கே கீச்சுக்குரல் இல்லை, கூன் இல்லை, தாடி இல்லை. பெண்கள் ஒவ்வொருவராக வீட்டை விட்டு வேலைக்குப் போக, அவர்கள் இல்லாத வீட்டில் தடுமாறும் நடுத்தர வயது மனிதர். மகளைப் போகாதே என்று சொல்லவும் முடியாமல் போ என்று சொல்லவும் மனமில்லாமல் அவர் முணுமுணுப்பதில் சிரிப்பும் இருக்கிறது, கொஞ்சம் தன்னலமும் இருக்கிறது. ஏறக்குறைய தன் சொந்த வயதில் அவரைப் பார்க்கக் கிடைத்த அபூர்வமான படம். ஹார்பாட்டிலைப் பார்த்த கையோடு இதைப் பார்ப்பவர்களில் பலருக்கு இவர்தான் அவர் என்று பெயர்ப் பட்டியலைப் பார்த்த பிறகே தெரியும்.

கில்லியட் அவரை மறக்கவில்லை. 1946-இல் 'கிரீன் ஃபார் டேஞ்சர்' படத்தில் போர்க்கால மருத்துவமனைக்குக் காயத்துடன் கொண்டுவரப்படும் தபால்காரர் ஹிக்கின்ஸ். அறுவை மேசையில் மயக்க மருந்து கொடுக்கும்போது இறந்துபோகிறார். மீதிக் கதை முழுவதும் அந்தச் சாவின் பின்னால் ஓடுகிறது. துப்பறிய வரும் இன்ஸ்பெக்டர், ஹார்க்கரின் பழைய சார்ஜென்ட் அலஸ்டர் சிம். மேரியட்டுக்கு இருப்பது சில நிமிடங்கள். அதற்குள் அந்த மனிதர் மேல் நமக்கு ஒரு பிரியம் வந்துவிடாவிட்டால் கொலைக்குக் கனம் இருக்காது. குவிக்கிகளில் பழகிய வேலை அது. வந்த சில நிமிடத்தில் ஒரு முழு ஆளை இறக்கி வைத்துவிட்டுப் போவது.

1949-இல் 'மிஸ்டர் பாலியின் வரலாறு' படத்தில் மறுபடி கிழவர்தான், பென்ஸ்டிமன் மாமா. அந்த ஆண்டு டிசம்பர் 11 அன்று கடலோர ஊரான பாக்னர் ரீஜிஸில் இறந்தார். 64 வயது. திரையில் நாற்பதிலிருந்தே கடந்துகொண்டிருந்த வயதை வாழ்க்கையில் அவர் எட்டவே இல்லை. அதே ஆண்டு ஏப்ரலில் ஹேயும் போய்விட்டிருந்தார். நார்த்தியம் எஞ்சின் அவர்களுக்கும் முன்பே, 1941-இல், உடைத்துப் பழைய இரும்பாகப் போடப்பட்டுவிட்டது. மொஃபட் பின்னாளில் மதுக்கடை நடத்தினார்.

ஒரு காட்சியைக் கடைசிக்கென்று வைத்திருந்தேன். 'ஆஸ்க் எ போலீஸ்மேன்' படத்தில் கடத்தல்காரர்களைப் பிடிக்க ஒரு பழைய பாட்டு தேவைப்படுகிறது. எல்லோருக்கும் முதல் வரிகள் தெரியும், கடைசி வரி யாருக்கும் தெரியவில்லை. என் அப்பாவுக்குத் தெரியும் என்கிறார் கிழவர் ஹார்பாட்டில். உங்களுக்கு அப்பா வேறு இருக்கிறாரா என்று நமக்கே கேட்கத் தோன்றும். இருக்கிறார். அவராகவும் நடிப்பவர் மூர் மேரியட்தான். தொண்டு கிழவருக்கு அப்பனாக ஒரு தொண்டு தொண்டு கிழவர். இந்தப் படம் வந்தபோது இரண்டு பேருக்கும் சேர்த்து வயது 53.